தொலி உளுந்தில் இருக்கும் ‘தொலி’ எங்கிருந்து வந்தது?

திருநெல்வேலிப் பக்கம் பலசரக்குச் சீட்டில் ‘தொலி உளுந்து 1 கிலோ’ என்று எழுதினால் கடைக்காரர் மறுகேள்வி கேட்காமல் கறுப்புத் தோலோடு உடைத்த உளுந்தை நிறுத்துக் கட்டிவிடுவார். அதே சீட்டைச் சென்னையில் நீட்டினால் ‘அதென்ன தொலி?’ என்ற கேள்விதான் முதலில் வரும். இணையக் கடைகளில் இன்னும் மோசம், ஒருவர் ‘தொளி உளுந்து’ என்கிறார், இன்னொருவர் ‘தோலி’ என்கிறார், மூன்றாமவர் ஆங்கில பாக்கெட்டைப் பார்த்து மொழிபெயர்த்து ‘உளுந்து உமி’ என்றே எழுதிவைத்திருக்கிறார். உளுந்துக்கு ஏது உமி?

இதில் மூன்று கேள்விகள் கலந்து கிடக்கின்றன. தொலி என்பது மலையாளத்திலிருந்து வந்ததா? தோல் என்பதை நெல்லைக்காரர்கள் சிதைத்துச் சொல்வதா? அப்புறம், தொலியும் உமியும் தவிடும் ஒன்றுதானா? மூன்றாவது கேள்வியைத் தீர்த்துவிட்டு மற்ற இரண்டுக்கும் வருவதுதான் சுலபம்.

விதைக்கு மேலே இருப்பதெல்லாம் ஒன்றல்ல

விதையை மூடியிருக்கும் எதையும் நாம் பொதுவாகத் தோல் என்று சொல்லிவிடுகிறோம். தாவரவியல் அப்படி விடாது. செடியின் எந்தப் பாகம் அந்த மூடியாக மாறியது என்று பார்த்து நாலு வகையாகப் பிரிக்கும்.

1. விதையுறை. பூவின் சூலகத்துக்குள் சூல் என்று ஒன்று இருக்கிறது, அது கருவுற்றபின் விதையாகிறது, அந்தச் சூலைச் சுற்றியிருந்த உறை விதையின் உறையாகிறது. உளுந்தின் கறுப்புத் தோல், நிலக்கடலைப் பருப்பின் ரோஸ் நிறத் தோல், புளியமுத்தின் பளபளப்பான பழுப்புத் தோல், எல்லாம் இந்த வகை. தேங்காய்ப் பருப்பின் முதுகில் ஒட்டியிருக்கும் பழுப்புத் தோலும் இதுதான்.

2. கனியின் சுவர். சூலகத்தின் சுவரே தடித்துக் கனியின் சுவராகிறது. நிலக்கடலையின் தோடு, உளுந்தின் நெற்று, தேங்காயின் நாரும் சிரட்டையும், மாங்கொட்டையின் கெட்டி ஓடு, பனங்கொட்டையின் ஓடு ஆகியவை இதில் சேரும். மாங்கொட்டையைப் பிளந்தால் உள்ளே பருப்பின் மேல் காகிதம் மாதிரி ஒன்று ஒட்டியிருக்குமே, அதுதான் உண்மையான விதையுறை. வெளியே இருக்கும் கொட்டை, பழத்தின் உட்சுவர்.

3. பூவின் மிச்சம். நெல்லின் உமி இந்த வகை. நெற்பூவை மூடியிருந்த இரண்டு செதில்கள் கடைசிவரை உதிராமல், அரிசிமேல் இரண்டு படகுகளைக் கவிழ்த்துச் சேர்த்ததுபோல் பூட்டிக்கொள்கின்றன. ஆக உமி விதையுறையும் இல்லை, கனியின் சுவரும் இல்லை.

4. விதைமேல் தனியாக வளரும் சதை. கொடுக்காப்புளியில் நாம் தின்னும் வெள்ளைப் பகுதி, குற்றாலம் சீசனில் குவித்துவைத்து விற்கும் ரம்புட்டானின் வெள்ளைச் சதை, சாதிக்காயைச் சுற்றிச் சிவப்பு வலையாக இருக்கும் ஜாதிபத்திரி ஆகியவற்றை இந்த வகையில் சொல்வார்கள். மாதுளை இன்னும் விசேஷம். அதில் நாம் மென்று சாறு குடிக்கும் சிவப்புப் பகுதி விதையுறையேதான். சாறு நிறைந்த விதையுறை.

தவிடு இந்த நாலில் எதிலும் தனியாக அடங்காது. நெல், கோதுமை மாதிரித் தானியங்களில் கனியின் சுவரும் விதையுறையும் பிரிக்க முடியாதபடி ஒட்டிப்போயிருக்கின்றன. அரிசியைத் தீட்டும்போது அந்த இரண்டும், அவற்றுக்குக் கீழே உள்ள மெல்லிய அடுக்கும், ஓரத்திலிருக்கும் முளைக்கருவும் சேர்ந்து சுரண்டப்பட்டுத் தூளாக விழுகின்றன. அந்தக் கலவைக்குத்தான் தவிடு என்று பெயர்.

ஆக, நெல் மூட்டையிலிருந்து வரும் உமியும், உளுந்திலிருந்து வரும் தொலியும் பிறப்பிலேயே வேறு வேறு. ‘உளுந்து உமி’ என்று எழுதியவர் தப்பு செய்த இடம் இதுதான்.

ஒரு ஆங்கிலச் சொல் செய்த வேலை

அவரை மட்டும் குறை சொல்லிப் பயனில்லை. ஆங்கிலத்தில் ‘ஹஸ்க்’ என்று ஒரு சொல் இருக்கிறது. நெல்லின் உமிக்கும் அதுதான், தேங்காயின் நார் மட்டையான கதம்பைக்கும் அதுதான், மக்காச்சோளக் கதிரை மூடியிருக்கும் மட்டைக்கும் அதுதான். அந்தச் சொல்லுக்கு மூலம் ‘குட்டி வீடு’ என்று பொருள்படும் பழைய டச்சுச் சொல்லாக இருக்கலாம் என்று அகராதிக்காரர்கள் சொல்கிறார்கள். விதை குடியிருக்கும் வீடு என்றால் எந்த மூடிக்கும் பொருந்தும், அதனால் அவர்களுக்கு ஒரு சொல் போதுமானதாக இருக்கிறது. அதைத் தமிழுக்குக் கொண்டுவரும்போது கைக்குக் கிடைத்த முதல் சொல்லான உமியை எல்லாவற்றின்மேலும் கொட்டிவிடுகிறோம்.

இதற்கு நல்ல உதாரணம் மலச்சிக்கலுக்குத் தண்ணீரில் கலக்கிக் குடிக்கும் இசப்கோல். ஆங்கிலத்தில் அதையும் ஹஸ்க் என்றே போடுகிறார்கள். உண்மையில் அது ஒரு சிறு விதையின் மேல்தோல், தண்ணீர் பட்டதும் கொழகொழவென்று ஊதும் தன்மை அந்தத் தோலுக்கு உண்டு. தமிழில் ‘இசப்கோல் உமி’ என்று படிக்கிறவருக்கு நெல் உமி ஞாபகம் வந்து தொண்டை அறுக்குமோ என்ற பயம் வந்தால் அது நியாயமான பயம். ‘இசப்கோல் தொலி’ என்று எழுதியிருந்தால் நெல்லைக்காரருக்காவது ஒரே வார்த்தையில் விளங்கியிருக்கும். (அந்தப் பெயருக்கும் ஒரு கதை உண்டு. பாரசீகத்தில் ‘அஸ்ப்’ என்றால் குதிரை, விதை குதிரைக் காதின் வடிவில் இருப்பதால் வந்த பெயர் என்பார்கள்.)

தமிழ் எதை வைத்துப் பெயர் வைத்தது?

தாவரவியல் செடியின் பாகத்தைப் பார்த்துப் பிரிக்கிறது. ஆங்கிலச் சொல் மூடியிருப்பதை மட்டும் பார்க்கிறது. தமிழ்ச் சொற்களை வரிசையாக வைத்துப் பார்த்தால், அந்த மூடியை எப்படி நீக்குகிறோம், நீக்கியபின் கையில் என்ன மிஞ்சுகிறது என்பதைத்தான் பேசியவர்கள் பார்த்திருக்கிறார்கள் என்று தோன்றுகிறது. களத்திலும் அடுப்படியிலும் வேலை செய்தவர்கள் வைத்த பெயர்கள் இவை. என் கணிப்பை வரிசைப்படுத்துகிறேன்.

1. குத்தினால் பிரிவது உமி. உரலில் நெல்லைப் போட்டு உலக்கையால் குத்த வேண்டும், பிறகு சொளகில் புடைக்க வேண்டும் (மற்ற ஊர்க்காரர்களுக்கு முறம்), காற்றில் பறப்பது உமி. ‘நீ அரிசி கொண்டு வா, நான் உமி கொண்டு வாரேன், ரெண்டு பேரும் ஊதி ஊதித் தின்போம்’ என்ற பழமொழியில் அந்த ஊதும் வேலையே இருக்கிறது.

2. தீட்டினால் உதிர்வது தவிடு. உமி போன அரிசியை மேலும் குத்தினால் வரும் மாவு. பறக்காது, அடியில் தங்கும்.

3. ஊறவைத்துத் தேய்த்தால், அல்லது கையால் உரித்தால், தாளாகக் கழன்று வருவது தொலி. உளுந்தை ஊறப்போட்டுப் பிசைந்தால் கறுப்பாக மிதக்கிறதே அது. வாழைப்பழத்தொலி, உருளைக்கிழங்குத் தொலி என்று சொல்வதும் இதே கணக்குதான். வாழைப்பழத்தின் தோல் கனியின் சுவர், உளுந்தின் தோல் விதையுறை, உருளைக்கிழங்கோ கனியும் இல்லை விதையும் இல்லை, மண்ணுக்கடியில் இருக்கும் தண்டு. தாவரவியலுக்கு மூன்றும் மூன்று. உரிக்கிற கைக்கு ஒன்று.

4. நொறுக்கினால் உடைவது தோடு. கடலைத்தோடு, புளியந்தோடு.

5. தட்டி உடைக்க வேண்டியது ஓடு. தேங்காய் ஓட்டுக்கு மட்டும் நெல்லையில் சிரட்டை என்ற தனிப்பெயர், வடக்கே அதையே கொட்டாங்கச்சி என்பார்கள்.

6. கடப்பாரையில் குத்தி உரிக்க வேண்டியது தேங்காயின் நார் மட்டை, அது கதம்பை.

இவற்றுக்கு வெளியே இன்னும் இரண்டு சொற்கள் இருக்கின்றன. காய்ந்து முற்றி, உள்ளே விதை கலகலக்கிற காய் முழுவதும் நெற்று, பேச்சில் நெத்து. ஆட்டுக்குப் போடும் உடைமரத்து நெத்து, நெத்துத் தேங்காய் எல்லாம் அதிலிருந்து வருகின்றன. இன்னொன்று பொட்டு. பருப்பு உடைக்கும் மில்லில் தொலியும் உடைந்த பருப்புத் துகளும் கலந்து மாட்டுத் தீவனமாக மூட்டை கட்டி விற்பது உளுந்தம்பொட்டு, துவரம்பொட்டு. வீட்டில் தொலியாக இருந்தது மில்லுக்குப் போனால் பொட்டு. ஒரே பொருள், வேலை மாறினால் பெயர் மாறுகிறது.

நடுவில் ஒரு சின்ன விலகல். விதையின் வெளியுறைக்குத் தாவரவியலில் ‘டெஸ்டா’ என்று ஒரு லத்தீன் சொல் இருக்கிறது. லத்தீனில் அதற்குச் செங்கல், கூரை ஓடு, மண்பாண்டம், சிப்பி என்று பொருள்கள். நம்முடைய ‘ஓடு’ம் கூரை ஓடு, உடைந்த சட்டியின் ஓடு, முட்டை ஓடு, ஆமை ஓடு என்று ஏறக்குறைய அதே பட்டியலைத்தான் சுமக்கிறது. அதோடு நிற்கவில்லை, மண்சட்டியைக் குறித்த அந்த லத்தீன் சொல்லிலிருந்துதான் பிரெஞ்சு மொழியில் தலைக்கான சொல் பிறந்தது. பழந்தமிழில் மண்டை என்றால் வாய் அகன்ற பாத்திரம், இன்று தலை. ஒன்றைப் பார்த்து ஒன்று எடுத்துக்கொண்டதில்லை. சட்டியையும் தலையையும் பார்த்த இரண்டு கூட்டத்தாருக்கு ஒரே நினைப்பு வந்திருக்கிறது, அவ்வளவுதான்.

தொலி: சிதைவா, இரவலா?

சரி, இப்போது முதல் இரண்டு கேள்விகள். தோல் என்ற நல்ல சொல் இருக்க, தொலி எதற்கு என்று கேட்பவர்கள் அதைக் கொச்சை என்று நினைக்கிறார்கள். எனக்கு அது ஒத்துக்கொள்ளக்கூடிய வாதமாகப் படவில்லை. காரணங்கள்:

1. பேச்சுத் தமிழ் சொற்களைச் சிதைக்கும்போது ஒரு ஒழுங்கோடுதான் சிதைக்கும். ‘ல்’ என்று முடியும் சொல்லோடு ஒரு உகரத்தை ஒட்டும். பால் பாலு ஆகும், கால் காலு ஆகும், வால் வாலு ஆகும். அந்தக் கணக்கில் தோல் ‘தோலு’ ஆக வேண்டும், ஆகவும் செய்கிறது. முதலெழுத்தைக் குறிலாக்கி, கடைசியில் இகரத்தைச் சேர்த்து ‘தொலி’ ஆவதற்கு இந்தச் சிதைவில் வழியில்லை. பாலைப் ‘பலி’ என்றோ காலைக் ‘கலி’ என்றோ யாரும் சொல்வதில்லையே.

2. தொலி பெயர்ச்சொல் மட்டுமில்லை, வினையும்கூட. தொலித்தல் என்றால் தோலை நீக்குதல். உரி என்ற சொல்லோடு ஒப்பிட்டால் இது தெளிவாகும். உரி என்பது உரிக்கிற செயல், உரித்து எடுத்ததும் உரி (மரவுரி என்கிறோமே). அதே மாதிரி தொலிக்கிற செயலும் தொலி, தொலித்து எடுத்ததும் தொலி. சென்னைப் பல்கலைக்கழகத் தமிழ்ப் பேரகராதியில் இரண்டுக்கும் இடமிருக்கிறது. 1924 முதல் 1936 வரை தொகுதி தொகுதியாக வெளிவந்த அந்த அகராதியைப் பெரும்பகுதி நடத்தி முடித்த எஸ். வையாபுரிப்பிள்ளை நெல்லைச் சீமைக்காரர் என்பது இங்கே தற்செயலாகப் பொருந்துகிறது.

3. தோலும் தொலியும் நெல்லைப் பேச்சில் ஒன்றுக்கொன்று மாற்றாக வருவதில்லை, வேலையைப் பங்குபோட்டுக்கொள்கின்றன. தோல் செருப்பு, தோல் பை, தோல் வியாதி என்றுதான் வரும். ‘தொலிச் செருப்பு’ என்று ஒருத்தரும் சொல்லமாட்டார்கள். உரித்து எறிவது எதுவோ அதுதான் தொலி. ‘தொலிய உரிச்சிருவேன்’ என்று சின்னப் பிள்ளைகளை மிரட்டும்போது மனிதத் தோலுக்குத் தொலி வருகிறதே என்றால், அங்கேயும் உரிக்கிற பேச்சுதானே நடக்கிறது.

மலையாளத்துக்கு வருவோம். அங்கே தொலி என்பது நாள்தோறும் புழங்கும் சொல், மனிதத் தோலுக்கும் பழத்தோலுக்கும் அதுதான். நெல்லைக்கும் குமரிக்கும் கேரளம் பக்கத்து வீடு, அதனால் அங்கிருந்து வந்திருக்கும் என்று நினைப்பது இயல்பு. ஆனால் பக்கத்து வீட்டில் ஒரு பாத்திரம் நம் வீட்டுப் பாத்திரம் மாதிரியே இருந்தால் இரவல் வாங்கியதாக மட்டும்தான் இருக்க வேண்டுமா? இரண்டு வீட்டுக்கும் பாட்டி ஒருத்தியாக இருக்கலாம். இந்த வழியில் மொழிகளை ஒப்பிட்டு, திராவிட மொழிகள் ஒரு தனிக் குடும்பம் என்பதை 1856ல் விரிவாக எழுதிய கால்டுவெல், நெல்லைச் சீமையின் இடையன்குடியில் பல பத்தாண்டுகள் வாழ்ந்தவர்.

அந்த வழியில் போய்ப் பார்த்தால் படம் இப்படித் தெரிகிறது. தமிழில் தோல், தொலி. மலையாளத்திலும் தோல், தொலி. தெலுங்கில் தோலு. கன்னடத்தில் தொகலு. கன்னடத்தில் மட்டும் நடுவில் ஒரு ‘க’ நிற்கிறதே, அதுதான் துப்பு. மொழியறிஞர்கள் பரோவும் எமனோவும் தொகுத்த திராவிடச் சொற்பிறப்பியல் அகராதி (முதல் பதிப்பு 1961) இவற்றை ஒரே குடும்பமாக வைக்கிறது. ‘தொகல்’ போன்ற ஒரு பழைய வடிவத்தில் நடுவிலுள்ள ககரம் தேய்ந்து, அதற்கு ஈடாக முன்னால் உள்ள உயிர் நீண்டு தோல் ஆனது என்பது மொழியறிஞர்களின் விளக்கம். இது நமக்குப் புதிதல்ல. மிகுதி மீதி ஆனது, பகுதி பாதி ஆனது, அகப்பை இன்றும் பல வீடுகளில் ஆப்பைதான்.

தோலில் நெடிலும் தொலியில் குறிலும் இருப்பதும் ஒரு குறையில்லை. பின்னால் ஒன்று வந்து சேரும்போது நெடில் குறுகுவது தமிழில் சர்வசாதாரணம். ஆறு, ஆனால் அறுபது. ஏழு, ஆனால் எழுபது. இவை அதே விதி என்று சொல்லவரவில்லை, குறுகுவதைக் கண்டு சிதைவு என்று பதற வேண்டாம் என்பதற்காகச் சொல்கிறேன்.

ஆகவே தொலி இரவலும் இல்லை, கொச்சையும் இல்லை. தமிழும் மலையாளமும் பங்குபோட்டுக்கொண்ட பாட்டி சொத்து. வடக்கு மாவட்டங்கள் தோலை வைத்தே எல்லா வேலையையும் முடித்துக்கொண்டன, தெற்கே இரண்டையும் வைத்துக்கொண்டோம்.

எழுத்துப்பிழை பற்றியும் ஒரு வார்த்தை. ‘தொளி’ என்று எழுதினால் அது வேறு பொருள். நடவுக்கு முன் வயலில் தண்ணீர் கட்டி உழுது கலக்கிய சேறு அது. தொளி உளுந்து என்றால் சேற்று உளுந்து. ‘தோலி’க்கோ இங்கே ஒரு பொருளும் இல்லை. லகரம், முதலெழுத்து குறில், அவ்வளவுதான் நினைவில் வைக்க வேண்டியது.

உமியும் தவிடும் எவ்வளவு பழசு?

தவிடு தமிழிலும் மலையாளத்திலும் தவிடு, கன்னடத்திலும் தெலுங்கிலும் தவுடு. நாலு மொழியிலும் கிட்டத்தட்ட மாறாமல் இருக்கிறது என்றால், நெல் குத்திய வேலை அவ்வளவு பழசு என்று அர்த்தம். அதன் நிறமும் ஒரு சொல்லாகிவிட்டது, தவிட்டுப்புறா, தவிட்டுக்குருவி. ‘உன்னைத் தவிட்டுக்குத்தான் வாங்கினோம்’ என்று தம்பி தங்கைகளை அழவைக்காத வீடும் குறைவு.

உமி மலையாளத்திலும் உமிதான், தெலுங்கில் ஊக. உமிழ் என்பதிலிருந்து உமி வந்தது, அரிசி துப்பிவிட்டது உமி என்று விளக்கம் சொல்பவர்கள் உண்டு. கேட்க நன்றாக இருக்கிறது, ஆனால் ஒலி ஒத்துப்போவது மட்டும் ஆதாரமாகாது. ஒலியை மட்டும் நம்பினால் என்ன ஆகும் என்பதற்குக் கோதுமை ஒரு பாடம். கோது என்றால் சக்கை, ஆகவே கோது உள்ளது கோதுமை என்று பிரித்துவிடலாம் போலிருக்கும். உண்மையில் அது ‘கோதூம’ என்ற வடசொல்லிலிருந்து வந்தது, கோதுக்கும் அதற்கும் சம்பந்தமில்லை.

நூல்களில் இந்தச் சொற்கள் வரும் இடங்களைப் பார்த்தால், பொருளை எவ்வளவு துல்லியமாகப் பிரித்திருக்கிறார்கள் என்பது தெரியும். குறள் 196 பயனற்ற பேச்சுப் பேசுபவனை ‘மக்கட் பதடி’ என்கிறது. உமி என்று சொல்லவில்லை. பதடி, இன்றைய பதர், அரிசியே பிடிக்காத நெல். வெளியே பார்த்தால் முழு நெல், உமி சரியாக மூடியிருக்கும், உள்ளே ஒன்றும் இருக்காது. உமியோ ஒரு காலத்தில் அரிசியை வைத்திருந்தது. நாலடியாரும் அதனால்தான் ‘நெல்லுக்கு உமியுண்டு’ என்று, நல்லவர்களிடமும் இருக்கும் சிறு குறையைப் பொறுத்துக்கொள்ளச் சொல்லும்போது உமியை எடுத்துக்கொள்கிறது. உமி இருந்தால் உள்ளே அரிசி உண்டு. பதரில் அது இல்லை.

பிரித்துப் பார்ப்பதால் என்ன ஆகிறது?

முதலில் முளைப்பு. மூதுரை ‘விண்டுமி போனால் முளையாதாம்’ என்று சொல்கிறது. நெல் முளைப்பது உள்ளே உள்ள அரிசியால்தான், ஆனாலும் உமி போய்விட்டால் முளைக்காது என்கிறது. இதை இன்றைக்கு யாராவது சோதித்துப் பார்த்தால் குழம்பிப்போவார்கள், ஏனென்றால் உமி மட்டும் நீக்கிய பழுப்பு அரிசியை ஊறவைத்து முளைகட்டிச் சாப்பிடுபவர்கள் இருக்கிறார்கள், அது முளைக்கிறது. அப்படியானால் மூதுரை பாடிய ஔவைப் பாட்டி தப்பா? வயலில் நின்று பார்த்தால் தப்பில்லை. உமியில்லாத அரிசியைச் சேற்றில் போட்டால் பூஞ்சையும் பூச்சியும் அதை எளிதில் பிடித்துக்கொள்ளும். உரலில் குத்தும்போதே முளைக்கரு அடிபட்டும் போய்விடும். தவிடும் போன வெள்ளை அரிசியில் முளைக்கருவே கிடையாது, அது எங்கேயும் முளைக்காது.

அடுத்து, தின்பது. உமியில் சிலிக்கா அதிகம், உமியை எரித்துக் கிடைக்கும் சாம்பலில் மிகப் பெரும்பகுதி அதுதான். உமிக்கரியால் பல் தேய்த்தால் கறை போகும், பல்லின் மேற்பூச்சும் கொஞ்சம் கொஞ்சமாகத் தேயும். மாடு தவிட்டை விரும்பித் தின்னும், உமியைத் தொடாது. 100 கிலோ நெல் அரைத்தால் ஏறக்குறைய 20 கிலோ உமியும் 8 கிலோ வரை தவிடும் போகின்றன. அந்த 8 கிலோவில் என்ன போகிறது என்பது தெரிய உலகம் நிறைய விலை கொடுத்தது. 1890களில் ஜாவாவில் வேலை பார்த்த டச்சு மருத்துவர் ஐக்மான், தீட்டிய அரிசி தின்ற கோழிகள் கால் தள்ளாடி விழுவதையும், தீட்டாத அரிசி கொடுத்தால் எழுந்து நடப்பதையும் கவனித்தார். மனிதர்களுக்கு வரும் பெரிபெரி நோயின் முடிச்சு அங்கேதான் அவிழ்ந்தது. தவிட்டோடு போனது பி1 வைட்டமின். இந்த வேலைக்காக 1929ல் அவருக்கு நோபல் பரிசு கிடைத்தது. புழுங்கலரிசி சாப்பிட்ட ஊர்களுக்கு இதில் ஒரு பாதுகாப்பு இருந்தது, நெல்லை ஊறவைத்து அவிக்கும்போது தவிட்டிலுள்ள சத்தில் ஒரு பகுதி அரிசிக்குள் இறங்கிவிடுகிறது.

அப்புறம் தவிடு ஏன் சீக்கிரம் சிக்குவாடை அடிக்கிறது என்றால், அதில் எண்ணெய் இருக்கிறது, தீட்டும்போது அந்த எண்ணெயும் அதைச் சிதைக்கும் நொதியும் ஒன்றாகக் கலந்துவிடுகின்றன. கைக்குத்தல் அரிசி வெள்ளை அரிசி அளவுக்கு நாள்படத் தாங்காததும் அதனால்தான்.

தொலிக்கு வருவோம். உளுந்தின் பருப்புக்கும் தொலிக்கும் நடுவில் பசைபோல ஒரு அடுக்கு இருக்கிறது. காய்ந்த உளுந்தைத் திருவையில் உடைத்தாலும் தொலி விடாமல் ஒட்டிக்கொண்டிருப்பதற்கு அந்தப் பசைதான் காரணம், அதனால்தான் தொலி உளுந்து என்று ஒரு சரக்கே உண்டாக முடிகிறது. ஊறவைத்தால் பசை இளகித் தொலி மிதக்கிறது. மில்களில் எண்ணெயும் தண்ணீரும் தடவி ஆறவிட்டு அதே வேலையைச் செய்கிறார்கள். துவரைக்குச் செம்மண் கட்டிக் காயவைத்து உடைத்ததும் இதே சிக்கலுக்கு நம் பக்கத்தில் கண்ட வழிதான். உளுந்தஞ்சோற்றுக்குத் தொலியோடு போடும்போது நார்ச்சத்தும் கறுப்பு நிறமியும் சோற்றிலேயே தங்குகின்றன. வெள்ளைப் பருப்பில் வைத்தால் அந்த நிறமும் வராது, எள்ளுத் துவையலுக்கு ஈடுகொடுக்கும் அந்த மணமும் வராது.

சிறுதானிய பாக்கெட்டில் ஒரு சிக்கல்

ஐ.நா. 2023ஐச் சர்வதேச சிறுதானிய ஆண்டாக அறிவித்த சமயத்தில் கடைகளில் பாக்கெட்டுகள் பெருகின, கூடவே ‘தோல் நீக்காத வரகு நல்லதாமே, அப்படியே சமைக்கலாமா’ என்ற கேள்வியும் பெருகியது. இங்கேயும் ஒரே சொல் இரண்டு பொருளுக்கு நிற்பதுதான் கோளாறு.

1. வரகு, சாமை, தினை, குதிரைவாலி, பனிவரகு ஆகியவற்றுக்கு நெல்லைப்போலவே உமி உண்டு. உமியோடு தின்ன முடியாது. இவற்றில் ‘தீட்டாத’ என்றால் உமி போய்த் தவிடு மிஞ்சியிருக்கிறது என்று பொருள்.

2. கம்பு, சோளம், கேழ்வரகு ஆகியவை கதிரடிக்கும்போதே உமியை விட்டுவிட்டு வெளியே வந்துவிடும். இவற்றை முழுதாக அரைத்தாலே தவிடும் சேர்ந்துதான் மாவாகும்.

ஆகவே பாக்கெட்டில் ‘தோல்’ என்று இருந்தால் உமியா தவிடா என்று கேட்டுவிட வேண்டும். உளுந்துக்கு அந்தக் கவலை இல்லை. ‘தொலி உளுந்து’ என்றால் கறுப்பாக உடைத்தது வரும், முழுசாக வேண்டுமென்றால் ‘முழுக் கறுப்பு உளுந்து’ என்று சேர்த்துச் சொல்ல வேண்டும், தொலி நீக்கிய முழு வெள்ளைக்கு ‘உருட்டு உளுந்து’. ஒன்றும் சொல்லாமல் ‘உளுந்தம்பருப்பு’ என்று மட்டும் கேட்டால் தாளிக்கிற வெள்ளைப் பருப்புதான் வீட்டுக்கு வரும்.